குளிருக்கை ஏன் ஃபேன்?

காஸ் எண்டாலே எங்கட வயசுக்காரருக்கு 2022தான் நினைவுக்கு வரும். வெறும் சிலிண்டரை உருட்டிக்கொண்டு போய் வரிசையில் வைத்துவிட்டு, அதுக்குப் பக்கத்திலேயே இருந்து பாடம் படித்த ஆக்கள் நாங்கள். அதாலை ஒரு எண்ணம் ஊறிப்போச்சு: எரியவில்லையெண்டால் காஸ் முடிஞ்சுது. வேறை காரணம் மனசுக்கு வராது. கனடாவுக்குப் படிக்க வந்த பிறகு ஒரு வாடகை ஆர்.வி.யின் ஹீற்றர்தான் அந்த எண்ணத்தை மாத்தினது.

ஆர்.வி. எண்டால் கட்டில், குசினி, கக்கூசு எல்லாம் உள்ளுக்கே இருக்கிற வாகனம். செப்டெம்பர் கடைசியில் கல்கரியிலிருந்து பான்ஃப் தேசியப் பூங்காவுக்கு அதில் போனோம். நாங்கள் மூன்று பேர், கூட யாழ்ப்பாணத்திலிருந்து வந்திருந்த பெரியம்மா. மார்கழிப் பனிக்கே காதைக் கட்டிக்கொண்டு திரியிறவ. எங்களுக்குக் கிடைத்த இடத்தில் கரண்ட் இணைப்பு இல்லை. இரவு பூச்சியத்துக்குக் கீழே போகுமெண்டு வானிலை அறிக்கை சொல்லியிருந்தது.

பொழுதுபட்டதும் சுவரிலிருந்த தேர்மோஸ்டாற்றை 20க்குத் திருப்பினோம். கொஞ்ச நேரத்தில் உள்ளே ஃபேன் சுத்தத் தொடங்கியது. வந்தது குளிர்காத்து. பெரியம்மா சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு கேட்டா: “குளிருக்கை ஏன் பிள்ளையள் ஃபேன் போடுறியள்?”

நியாயமான கேள்வி. அந்த ஹீற்றர் ஒரு ஒழுங்கில்தான் வேலை செய்யும். முதலில் ஃபேன் சுத்தவேணும். அந்தக் காத்து உள்ளே இருக்கிற ஒரு சின்னத் தகட்டைத் தள்ளும். பாய்க்கப்பலின் பாய் மாதிரி, அதனால் பெயரும் செயில் சுவிட்ச். தகடு அசைந்தால்தான் காஸ் வால்வு திறக்கும், “டிக் டிக்” எண்டு தீப்பொறி அடிக்கும், “புஃப்” எண்டு பற்றும். காத்தோட்டம் போதாவிட்டால் காஸைத் திறக்கவே விடாது. பற்றவில்லையெண்டால் பல ஹீற்றர்கள் மூன்று தரம் முயற்சி செய்துவிட்டுத் தங்களைத் தாங்களே பூட்டிக்கொள்ளும். தேர்மோஸ்டாற்றை நிற்பாட்டி, சில நிமிஷம் விட்டுத் திரும்பப் போடவேணும். காஸ் மணம் வந்தால் மட்டும் இந்த விளையாட்டு வேண்டாம். சிலிண்டரைப் பூட்டிவிட்டு எல்லாரும் வெளியில் இறங்கவேணும்.

ஆகவே சத்தத்தைக் காதுகொடுத்துக் கேட்டாலே பாதி விளங்கும். எங்கட ஹீற்றரில் “டிக் டிக்” வரவேயில்லை. காஸ் அடுப்பைப் பற்றவைத்துப் பார்த்தோம். நீலச் சுவாலை, நல்ல பலமாய். காஸ் இருக்குது. குளிரில் காஸ் உறைஞ்சு போச்சோ எண்டு ஒருத்தி கேட்டாள். ஊர்ச் சிலிண்டரில் பியூட்டேனும் கலந்திருக்கும், அது பூச்சியத்துக்குக் கிட்ட வரவே ஆவியாக மறுக்கும். இங்கே ஆர்.வி.க்கு வாறது புரொப்பேன். அதன் கொதிநிலை மறை 42 பாகை. பான்ஃபின் செப்டெம்பர் அதுக்கு வெயில்காலம் மாதிரி.

அப்பதான் ஃபேன் சத்தம் இழுபடுறதைக் கவனித்தோம். லைற்றும் மங்கல். பலகையில் பற்றரி 11.2 வோல்ற்று காட்டியது. 12 வோல்ற்றுப் பற்றரி நிரம்பியிருந்தால் 12.6 வரும். ஃபேன் சுத்துது, ஆனால் தகட்டைத் தள்ளுற அளவுக்கு இல்லை. காஸ் ஹீற்றருக்குக் குறைஞ்சது காஸ் இல்லை, கரண்ட்.

இதுக்கிடையில் பெரியம்மாவின் விரல்கள் விறைச்சுப்போச்சு. “அடுப்பு எரியுதுதானே, அதை அப்பிடியே விடுங்கோவன், யன்னலைச் சாத்தினால் சூடு நிக்கும்” எண்டா. அவவோடை வாதாடினது எங்களுக்கு லேசான காரியம் இல்லை. ஹீற்றர் தன் புகையைத் தனிக்குழாயால் வெளியே விடும். அடுப்பு நாங்கள் மூச்சு விடுற காத்திலேயே எரியும். பூட்டின சின்ன இடத்தில் ஒட்சிசன் குறையக் குறைய காபனோரொட்சைட்டு சேரும். அதுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. நித்திரையிலேயே ஆளை எடுத்துவிடும். அடுப்பை அணைத்துவிட்டு, இருந்த போர்வை எல்லாத்தையும் அவவுக்கே குடுத்தோம். குறை விளங்கினபடியால் வழி இருந்தது. எஞ்சினை அரை மணித்தியாலம் ஓடவிட்டோம், அது உள்பற்றரிக்கும் சார்ஜ் குடுக்கும். ஃபேன் சத்தம் உயர்ந்தது. டிக், டிக், புஃப். காத்து மெல்ல மெல்லச் சூடாச்சு.

சாமம் மூன்று மணிக்குத் திரும்ப நின்றது. அந்த நேரம் எஞ்சினை ஓட்டி அயல்காரரை எழுப்ப ஏலாது. ரோச் அடித்துத் தேடினதில் கட்டிலுக்குக் கீழே இன்வேர்ட்டர் எரிந்துகொண்டிருந்தது. வாடகைக்குத் தந்தவர்கள் அதைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஒண்டும் செருகாமலே பற்றரியைக் குடிக்கிற சாமான். அதை நிற்பாட்டி, லைற் எல்லாத்தையும் அணைத்து, தேர்மோஸ்டாற்றை 13க்கு இறக்கினோம். வோல்ற்று மெதுவாய்க் கொஞ்சம் ஏறியது. இரண்டாம் தரம் பற்றிக்கொண்டது. விடியுமட்டும் மாறி மாறி முழிச்சிருந்து அந்த “புஃப்” சத்தத்தை எண்ணினோம்.

காலையில் கொம்பனிக்கு எடுத்தால், “சிலிண்டரைப் பார்த்தீங்களா?” எண்டதுதான் முதல் கேள்வி. வோல்ற்றுக் கணக்கைச் சொன்ன பிறகுதான் குரல் மாறினது. பின்னேரம் ஒருவர் வந்து பழைய பற்றரியைக் கழற்றிப் புதிசு பூட்டிவிட்டுப் போனார்.

அன்றிரவு பத்து மணிக்குப் பெரியம்மா சால்வையை உதறி எறிந்தா. “என்ன பிள்ளையள் இது, புழுங்குது. அந்த யன்னலைத் திறவுங்கோ.”