இரண்டு அல்லது மூன்று பேர்

கணக்கு என்றதும் ஓடிவிடாதீர்கள். கூட்டத் தெரிந்தால் போதும், அதுவும் எட்டு வரைக்கும்தான்.

கட்டம் போட்ட தாள் ஒன்று நாலு பக்கமும் முடிவில்லாமல் நீள்வதாக வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு கட்டத்திலும் ஓர் உயிர் இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். கறுப்பு என்றால் இருக்கிறது, வெள்ளை என்றால் இல்லை. ஒரு கட்டத்தைத் தொட்டுக்கொண்டிருக்கும் எட்டுக் கட்டங்கள்தான் அதன் அக்கம்பக்கம். இனி விதி. அக்கம்பக்கத்தில் இரண்டு அல்லது மூன்று பேர் இருந்தால் உயிர் பிழைக்கும். அதற்குக் குறைந்தால் தனிமையில் செத்துப்போகும். நாலோ அதற்கு மேலோ என்றால் நெரிசலில் சாகும். காலிக் கட்டத்தைச் சுற்றிச் சரியாக மூன்று பேர் இருந்தால் அங்கே புதிதாக ஓர் உயிர் பிறக்கும். எல்லாக் கட்டங்களுக்கும் ஒரே நேரத்தில் இந்தக் கணக்கைப் போட்டால் ஒரு தலைமுறை முடிந்தது.

அவ்வளவுதான். இப்படி ஓர் உலகத்தைக் கற்பனை செய்தவர் கேம்பிரிட்ஜில் இருந்த கணிதவியலாளர் ஜான் கான்வே. 'கேம் ஆஃப் லைஃப்' என்று பெயர். 1970 அக்டோபரில் 'சயன்டிஃபிக் அமெரிக்கன்' பத்திரிகையில் மார்ட்டின் கார்ட்னர் தன் பத்தியில் எழுதியதும் பிரபலமாகிவிட்டது. ஆரம்பத்தில் கம்ப்யூட்டர்கூட இல்லாமல், கோ விளையாட்டுப் பலகையில் காய்களை வைத்து எடுத்துத்தான் பார்த்தார்களாம். இன்று 'கோலி' என்ற இலவச மென்பொருளை இறக்கிக்கொண்டால் லட்சக்கணக்கான தலைமுறைகளை உட்கார்ந்த இடத்தில் பார்க்கலாம்.

ஐந்தே புள்ளிகள் கொண்ட ஓர் உருவம் உண்டு. 'ஆர் பென்டோமினோ' என்பார்கள். அதை விட்டுப் பாருங்கள். 1103 தலைமுறைகள் ஆட்டம் போட்டுவிட்டுத்தான் அடங்கும். 'கிளைடர்' என்று இன்னொரு உருவம், அதுவும் ஐந்து புள்ளிதான். நாலு தலைமுறைக்கு ஒரு தரம் குறுக்குவாட்டில் ஒரு கட்டம் தள்ளிப் போயிருக்கும். இத்தனைக்கும் அங்கே எந்தக் கட்டமும் நகர்வதில்லை. பின்னால் இருப்பவை சாகின்றன, முன்னால் புதியவை பிறக்கின்றன, உருவம் மட்டும் ஊர் போகிறது. மயிலாடுதுறையில் கிளம்பி, சென்னை, பெங்களூர் என்று நகர்ந்து இப்போது நொய்டாவில் இருக்கிறவனுக்கு இதைப் பார்த்தால் கொஞ்சம் வயிற்றைக் கலக்கத்தான் செய்யும் :-)

இன்னொன்று, நாலு புள்ளிகளைச் சதுரமாக ஒட்டி வைத்தால் அது 'பிளாக்'. ஒவ்வொருவருக்கும் பக்கத்தில் மூன்று பேர். எத்தனை தலைமுறை ஆனாலும் அசையாது. இதிலிருந்து ஒரு புள்ளியை எடுத்துவிட்டுப் பாருங்கள். மிச்ச மூன்று பேரும் சாக மாட்டார்கள், ஏனென்றால் ஒவ்வொருவருக்கும் பக்கத்தில் இரண்டு பேர் இருக்கிறார்கள். காலியான இடத்தைச் சுற்றிச் சரியாக மூன்று பேர். அடுத்த தலைமுறையில் அந்த இடம் தானாக நிரம்பிவிடும்.

எங்கள் வீட்டிலும் நாலு பேர். அப்பா, அம்மா, அக்கா, நான். போன வருஷம் அப்பா போய்விட்டார். மிச்ச மூன்று பேரும் திருச்சி, மயிலாடுதுறை, நொய்டா என்று மூன்று மூலையில் இருந்தோம். காலியான இடம் காலியாகவே இருந்தது. கான்வேயின் உலகத்தில் தூரத்து உறவுக்குக் கணக்கே கிடையாது. தொட்டுக்கொண்டிருக்கும் எட்டுக் கட்டம்தான் எல்லாம். தினமும் ராத்திரி ஒன்பது மணிக்கு நான் பண்ணுகிற போன் அதில் எந்தக் கட்டம் என்று யோசித்துப் பார்த்தேன். விடை கிடைக்கவில்லை.

வருஷாப்தீகம் முடிந்ததும் அம்மாவை நொய்டாவுக்கு அழைத்து வந்தோம். மூன்று மாதம் இருந்து பார்ப்பது, பிடித்திருந்தால் இங்கேயே இருந்துவிடுவது என்று பேச்சு. வீடு 14-வது மாடியில். அம்மாவுக்கு ஹிந்தி தெரியாது. அதே மாடியில் ஒரு பெங்காலிப் பாட்டி சிநேகமானார். பாஷையே இல்லாமல் இரண்டு பேரும் முருங்கைக்கீரை ஆய்வார்கள். அப்புறம் அந்தப் பாட்டியை மகள் கொல்கத்தாவுக்கு அழைத்துப் போய்விட்டார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை லேப்டாப்பில் மகளுக்கு இந்த விளையாட்டைக் காட்டிக்கொண்டிருந்தேன். அம்மா எட்டிப் பார்த்தாள். "புள்ளி மட்டும் வச்சுட்டு இழை போடாம விட்டுட்டாங்களா?" என்றாள். பக்கத்துப் பக்கத்தில் இரண்டு புள்ளி வைத்து ஓடவிட்டேன். உடனே மறைந்தன.

"அந்த ரெண்டும் எங்கடா போச்சு?"

"ரெண்டுக்கும் பக்கத்துல ஒருத்தர்தாம்மா. அது போதாது."

"ரெண்டு பேராவது வேணும் பாட்டி" என்றாள் மகள்.

அம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு விரல் விட்டு எண்ண ஆரம்பித்தாள். எதிர் வீட்டு மாமி. காலையில் பூ கொடுக்க வந்து அரை மணி நேரம் திண்ணையில் உட்காரும் பூக்காரம்மா. தெருமுனை டெய்லர், அப்பாவின் சீட்டாட்டக் கூட்டாளி. "எனக்கு அங்க மூணு பேர் இருக்காங்கடா" என்றாள்.

"இங்கயும் நாங்க மூணு பேர் இருக்கோமே?"

"இருக்கீங்க. காலைல எட்டரைக்கு மேல ராத்திரி ஏழரை வரைக்கும்?"

அக்காவுக்கு இதில் சம்மதம் இல்லை. "தம்பி, அம்மாவுக்குச் சுகர் இருக்கு. ராத்திரி ஏதாவது ஆனா யாருடா பாப்பா? உன் கட்டம், புள்ளியெல்லாம் வந்து ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போகுமா?" என்று போனில் சத்தம் போட்டாள். நியாயமான கேள்வி. கட்டங்களுக்கு வயசாவதில்லை, சர்க்கரையும் ஏறுவதில்லை. அவற்றுக்கு வேண்டியது எண்ணிக்கை மட்டும். மனிதர்களுக்கு எந்த மூன்று பேர் என்பதும் முக்கியம். அதை நானோ அக்காவோ எண்ணிச் சொல்ல முடியாது. அம்மாதான் சொல்ல வேண்டும். சொல்லிவிட்டாள்.

கான்வே 2020 ஏப்ரலில் கொரோனாவில் இறந்தார், 82 வயதில். எத்தனையோ பெரிய கணிதம் செய்தவரை ஊரே இந்த விளையாட்டை வைத்து மட்டும் அடையாளம் காண்பது அவருக்குப் பிடிக்காதாம். இருக்கலாம். அவருடைய மற்ற கணிதம் எனக்குப் புரியாது. இது புரிகிறது.

அடுத்த மாதம் தமிழ்நாடு எக்ஸ்பிரஸில் அம்மாவுக்கும் எனக்கும் டிக்கெட் போட்டிருக்கிறேன். வீட்டுச் சாவி ஒன்று எதிர் வீட்டு மாமியிடம் இருக்கும். மாதம் ஒருமுறை அக்கா வருவாள். வீட்டிலிருந்தே வேலை பார்க்கும் நாட்களைச் சேர்த்துவைத்து, மூன்று மாதத்துக்கு ஒரு வாரம் நான் போவதாக ஏற்பாடு. அந்த ஒரு வாரம் அப்பாவின் இடத்தில் சீட்டாட வருகிறேன் என்று டெய்லர் மாமாவிடம் சொல்லியாயிற்று. "மொதல்ல ஆடக் கத்துக்கிட்டு வா" என்றார்.