கொமோகோ திரையில் வருவதில்லை

பிப்ரவரி 17, திங்கள்
சனிக்கிழமை எங்கள் திரைப்படக் கழகத்தில் ரே தஜிரியின் ‘ஹிஸ்டரி அண்ட் மெமரி’. 1991இல் வந்தது, 32 நிமிடம். அறிமுக உரை என்னுடையது. ராத்திரி மறுபடி போட்டுப் பார்த்தேன். கறுப்புத் திரையில் வெறும் எழுத்துகள் மேலேறுகின்றன: தாத்தாவின் ஆவி வானத்திலிருந்து பார்க்கிறது, கீழே அப்பாவும் அம்மாவும் மகளுக்கு வரும் கெட்ட கனவுகளைப் பற்றி வாக்குவாதம் செய்கிறார்கள். யாரும் படம்பிடிக்காத காட்சி. அதனால் நம்மை வாசிக்க வைக்கிறார்.

பிப்ரவரி 19, புதன்
1942இல் இதே தேதியில்தான் அமெரிக்க அதிபர் ரூஸ்வெல்ட் 9066ஆம் ஆணையில் கையெழுத்திட்டார். அதன்படி சுமார் 1,20,000 ஜப்பானிய வம்சாவளியினர் தடுப்பு முகாம்களில் அடைக்கப்பட்டார்கள். பெரும்பாலோர் அமெரிக்கக் குடிமக்கள். தஜிரியின் தாய் அரிசோனாவில் போஸ்டன் முகாமில் இருந்தார். தந்தையோ அமெரிக்க ராணுவத்தில்! நினைக்க நினைக்க மனசு ஆறவில்லை.

முகாம்களில் கேமரா வைத்திருக்கவும் தடை. யூட்டாவின் டோபாஸ் முகாமில் அடைபட்டிருந்த டேவ் டட்சுனோ 8 மி.மீ. கேமராவை ஒளித்து வைத்து எடுத்ததெல்லாம் அபூர்வம். தஜிரியின் தாய்க்கோ பலதும் மறந்தே போய்விட்டது. மகள் மனதில் மட்டும் ஒரு பிம்பம்: பாலைவனத்தில், குழாயடியில், அம்மா குடுவையில் தண்ணீர் பிடிக்கிறாள். எங்கிருந்து வந்தது என்று மகளுக்கே தெரியாது. அதைத்தான் படமாக்கியிருக்கிறார்: கைகள், வழியும் நீர், வெயில். இதைச் சோதனைப் படம் என்று ஒதுக்குபவர்களிடம் எனக்குக் கோபமே வருகிறது. இந்த அம்மாவைக் காட்ட வேறு எந்த வழி இருந்தது?

பிப்ரவரி 20
படத்தில் இன்னொன்று: தஜிரியின் வீட்டில் அம்மா பத்திரப்படுத்தியிருந்த சின்ன மரப்பறவை. பிற்பாடு தேசிய ஆவணக் காப்பகத்தில், முகாமின் பறவை செதுக்கும் வகுப்பில் பாட்டி உட்கார்ந்திருக்கும் புகைப்படம் மகளுக்குக் கிடைக்கிறது. இந்த இடத்தை உரையில் சொல்லப்போவதில்லை, அவரவரே பார்க்கட்டும்.

பிப்ரவரி 22, சனி
நல்ல கூட்டம். படத்தில் இடையிடையே வரும் ‘பேட் டே அட் பிளாக் ராக்’ துண்டுகளைப் பற்றித்தான் அதிகம் கேட்டார்கள். 1955இல் ஜான் ஸ்டர்ஜஸ் எடுத்தது. கொமோகோ என்ற ஜப்பானிய விவசாயியைத் தேடி ஸ்பென்சர் டிரேசி ஒரு பாலைவன ஊருக்கு வருகிறார். கொமோகோவைக் கொன்றுவிட்டார்கள். கதையே அவரைப் பற்றியது; ஆனால் அவர் முகம் ஒரு ஃபிரேமிலும் இல்லை. இப்படி ஹாலிவுட் காலியாக விட்ட இடத்தில்தான் தஜிரி தன் தாயைக் கொண்டுவந்து நிறுத்துகிறார் என்றேன். பின்வரிசைப் பெண் ஒருவர், “அப்ப அந்தப் படத்தையும் முழுசாப் போடுங்க சார்” என்றார். அடுத்த மாதம் அதுதான்.