ஒரு துண்டு ஃபிலிம்கூட இல்லை!

"தென்னிந்தியாவோட முதல் சினிமா டைரக்டர் பத்தி ஒரு ஸ்டோரி கொடும்மா. அப்படியே அவர் படத்துலருந்து ஒரு சின்ன வீடியோவும் வெச்சுடு" என்றார் எடிட்டர்.

ரொம்ப ஈஸியான வேலை என்று நினைத்துக்கொண்டு, திருப்பூர் ராயபுரத்தில் எங்கள் வீட்டு மாடியில் லேப்டாப்போடு உட்கார்ந்தேன். எதிர்வீட்டில் ஓவர்லாக் மெஷின் சத்தம். ஒன்றரை ஷிப்ட் முடிந்து அப்பா வந்துவிட்டார். வீடியோ மட்டும் கிடைக்கவே இல்லை.

அந்த டைரக்டர் ஆர்.நடராஜ முதலியார். 1885-ல் பிறந்தவர். மோட்டார் உதிரிபாக வியாபாரி. சினிமா ஆசை வந்ததும் புனேவுக்குப் போய், ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேய கேமராமேனிடம் தொழில் கற்றுக்கொண்டார். சென்னையில் ஸ்டூடியோ போட்டு, மகாபாரதத்தில் இருந்து ஒரு கதையை எடுத்தார். அதுதான் 'கீசக வதம்', தென்னிந்தியாவின் முதல் மௌனப்படம். அடுத்து 'திரௌபதி வஸ்திராபகரணம்'. அதில் திரௌபதியாக நடித்தவர் ஓர் ஆங்கிலோ இந்தியப் பெண்!

1923-ல் எல்லாம் முடிந்துபோனது. ஸ்டூடியோ தீப்பிடித்தது, மகனும் இறந்துபோனார். சினிமாவை விட்டே விலகிவிட்டார். அதன்பின் பேசும்படம் வந்தது, கலர் படம் வந்தது. எல்லாவற்றையும் பார்க்கிற காலம்வரை இருந்து, 1971-ல்தான் காலமானார்.

புனேவில் தேசிய திரைப்பட ஆவணக் காப்பகம் 1964-லேயே தொடங்கிவிட்டது. அவர் உயிரோடுதான் இருந்தார். ஆனால், காப்பாற்றி வைக்க அவர் படங்களில் ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை. அந்தக் காலத்து நைட்ரேட் ஃபிலிம் சட்டெனத் தீப்பிடிக்கும். சும்மா வைத்திருந்தாலும் நாளாக நாளாகப் பொடிந்துபோகும். ஓடி முடிந்த படத்தை வெள்ளிக்காக உருக்கியவர்களும் உண்டு. இந்தியாவில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட மௌனப்படங்கள் எடுக்கப்பட்டன. இன்று மிச்சம் இருப்பவை மிகச் சிலவே.

'எப்படி இவ்வளவு அலட்சியமா விட்டாங்க?' என்று டைப் செய்தேன். உடனே அழித்துவிட்டேன்.

போன வருஷம் என் பழைய போனை எக்ஸ்சேஞ்சில் கொடுத்தேன். அதில் எங்கள் அமுச்சி பனியனுக்குப் பிசிறு வெட்டிக்கொண்டே, "என்னத்த சாமி படம் புடிக்கிற, போய்ச் சோறுண்ணு" என்று திட்டும் ஒரு வீடியோ இருந்தது. காப்பி எடுக்காமல் ரீசெட் செய்துவிட்டேன். இரண்டு மாதத்தில் அமுச்சி தவறிவிட்டார். அம்மாவிடம் இன்னும் சொல்லவில்லை. "அந்த வீடியோவைப் போடு கண்ணு" என்று அம்மா கேட்கும்போதெல்லாம், "தேடணும்மா" என்கிறேன்.

வீடியோ இல்லாமலேயே ஸ்டோரியை அனுப்பினேன். எடிட்டர் எதுவும் சொல்லவில்லை.

அன்று ராத்திரி அம்மா பக்கத்தில் உட்கார்ந்து, உண்மையைச் சொல்லிவிட்டேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம் அமுச்சி திட்டுகிற மாதிரியே ராகம்போட்டுப் பேசிக் காட்டினார்கள்.

இந்தத் தடவை ரெக்கார்டு செய்தேன். தூங்கப்போகும் முன் மூன்று இடத்தில் காப்பியும் எடுத்து வைத்தேன். உங்கள் போனிலும் அப்படி ஒரு வீடியோ இருக்குமே... காப்பி எடுத்துவிட்டீர்களா?