காலத்தைக் கட்டிய கடியாரம்

சொப்பனத்தில் எதை வேண்டுமானாலும் நம்பிவிடுகிறோம். எப்போதோ செத்துப்போன அத்தை காபி கொண்டுவந்து கொடுப்பாள், வாங்கிக் குடிப்போம். குதிரை பேசும்; பதில் சொல்லுவோம். ஆனால் அங்கே மணி என்ன என்று மட்டும் யாராலும் சொல்ல முடியாது. ஞானவாசிட்டத்து லவண ராஜாவைப் பாருங்கள். மந்திரவாதி மயிற்பீலியை ஆட்டிய சற்று நேரத்துக்குள் காட்டுப் பெண் ஒருத்தியைக் கட்டிக்கொண்டு, பிள்ளை குட்டி பெற்று, பஞ்சத்தில் அடிபட்டு, நெருப்பில் விழப்போய்க் கண் விழிக்கிறான். சபையோ எழுந்திருக்கக்கூட இல்லை.

கதை எழுதுகிறவனுக்கு இதில் ஒரு சங்கடம் உண்டு. வாசகர் ராட்சசனை நம்புவார். திங்கட்கிழமைக்கு மறுநாள் வெள்ளிக்கிழமை என்றால் உடனே கடிதம் போட்டுவிடுவார். கற்பனை எவ்வளவு தூரம் மேய்கிறதோ, அவ்வளவு ஆழமாக முளை அடிக்க வேண்டும்.

அப்படி அடிக்கத் தெரிந்தவர் லூயி கரோல். ஆக்ஸ்போர்டில் கணிதம் சொல்லிக்கொடுத்த சார்லஸ் டாட்ஜ்ஸனின் புனைபெயர் அது. 1865-இல் வந்த அவருடைய ஆலிஸ் கதையை அறியாதவர் குறைவு. அதில் வரும் தொப்பிக்காரனுக்கும் காலத்துக்கும் சண்டை. அதனால் அவன் வீட்டில் எப்போதும் மாலை ஆறு மணி. தேநீர் வேளை முடிவதே இல்லை. கோப்பையைக் கழுவ நேரமும் இல்லை!

ஆனால் நான் சொல்ல வந்த கடியாரம் வேறு. 1889-இல் அவர் எழுதிய 'ஸில்வியும் புரூனோவும்' என்ற நாவலில் இருக்கிறது. கதை சொல்லுகிறவர் விழிப்புக்கும் ஒருவித மயக்கத்துக்கும் நடுவே போய்வந்துகொண்டிருக்கிறார். மயக்க உலகத்துப் பேராசிரியர் ஒருவர் அவரிடம் ஒரு சதுரமான தங்கக் கடியாரத்தைக் கொடுக்கிறார். காலத்தைப் பின்பற்றி அது ஓடுவதில்லை. அதைப் பின்பற்றிக் காலம் ஓடுகிறது. முள்ளைப் பின்னால் தள்ளினால் நடந்த நேரம் திரும்பி வரும். ஆனால் ஒரு மாதத்துக்கு மேல் பின்னால் போகாது. முன்னால் ஒரு நிமிஷமும் போகாது. இன்னொரு வித்தையும் உண்டு. ஒரு பிடியை அழுத்தினால் எல்லாம் தலைகீழாக நடக்கும். வெந்த உருளைக்கிழங்கு தோலைப் போர்த்திக்கொண்டு, புதைபடுவதற்காகத் தோட்டக்காரன் கைக்குப் போய்ச் சேரும்.

இவ்வளவும் வேடிக்கைதான். ஓர் இடத்தில் வேடிக்கை நின்றுவிடுகிறது. வண்டியிலிருந்து தெருவில் விழுந்து கிடந்த அட்டைப் பெட்டியில் இடறி, ஸைக்கிளில் வந்த வாலிபன் ஒருவன் தலைகுப்புற விழுகிறான்; பலத்த காயம். கதை சொல்லுகிறவருக்குக் கடியாரத்தின் ஞாபகம் வருகிறது. முள்ளைப் பின்னால் தள்ளுகிறார். பெட்டியை எடுத்து ஓரத்தில் வைக்கிறார். வாலிபன் வருகிறான், ஒன்றும் ஆகாமல் போகிறான். அவருக்கு ஒரே சந்தோஷம். கொஞ்ச நேரத்தில், விபத்துக்குப் பிறகு அவர் கடியாரத்தைத் திருப்பினாரே, அந்த நிமிஷத்தை முள் மறுபடி எட்டுகிறது. வாலிபன் பழையபடி காயத்தோடு வண்டியில் கிடக்கிறான்.

இந்தப் பக்கத்தை முதல்முறை படித்தபோது எனக்கு என் தாயாரின் நினைவு வந்தது.

என் அண்ணன் காவேரியோடு போனபோது எனக்கு வயது பன்னிரண்டு. ஆடி மாதம், புது வெள்ளம். அதன்பின் இருபது வருஷம் அம்மா அந்தக் காலை வேளையின் முள்ளைத் திருப்பிக்கொண்டே இருந்தாள். "அன்னிக்கு ரெண்டு தூறல் போட்டிருந்தாக்கூடப் போயிருக்கமாட்டான்" என்பாள். "மாவு அரைச்சு வச்சிருந்தேன்னா, தோசைக்கு உட்கார்ந்திருப்பான்." ஒவ்வொரு தடவையும் ஒரு பெட்டியை எடுத்து ஓரத்தில் வைப்பாள். அப்போது அவள் முகம் தெளிந்திருக்கும். அண்ணன் துண்டை உதறிக்கொண்டு படித்துறையிலிருந்து வீட்டுக்கு வந்துகொண்டிருப்பான்.

கூடத்துச் சுவர்க்கடியாரம் ஒன்பது அடிக்கும். அம்மா எழுந்து போய் உலை வைப்பாள்.

வெள்ளிக்கிழமைதோறும் அந்தக் கடியாரத்துக்குச் சாவி கொடுப்பது அண்ணன் வேலையாக இருந்தது. பிறகு அம்மாவே முக்காலியில் ஏறிக் கொடுத்தாள். ஒரு வாரம்கூடத் தவறியதில்லை. தன்னைக் கனவிலிருந்து இழுத்துவரும் கடியாரத்துக்குத் தானே ஏன் சாவி கொடுத்தாள்? அது நின்றிருந்தால் அவளும் அந்தப் படித்துறையிலேயே நின்றுபோயிருப்பாள் என்று இப்போது தோன்றுகிறது.

கரோல் நினைத்திருந்தால் அந்த வாலிபனை ஒரு வரியில் காப்பாற்றியிருக்கலாம். அவருடைய உலகம், அவருடைய கடியாரம், கேட்பார் யார்? ஆனாலும் அவர் செய்யவில்லை. அந்த ஒரு காயம் மாறாமல் நிற்பதால்தான், தோட்டக்காரனிடம் போகும் உருளைக்கிழங்கைக்கூட நான் நம்புகிறேன்.

என் தொடர்கதை ஒன்றில் ஒரு குழந்தை இறந்தபோது, ஓர் அம்மாள் எனக்கு எழுதினார்: "அடுத்த இதழில் இதெல்லாம் சொப்பனம் என்று எழுதிவிடக்கூடாதா?" எழுதியிருக்கலாம், மை செலவுதான். அந்தப் பத்திரிகையைப் பிள்ளையைப் பறிகொடுத்த தாய்மாரும் படிப்பார்கள். அவர்கள் வீட்டில் அடுத்த இதழ் வரப்போவதில்லை. அந்த அம்மாளுக்கு அப்படியே பதில் எழுதினேன். அடுத்த இதழில், குழந்தையின் தாய் காலையில் எழுந்து வாசல் தெளித்தாள் என்று கதையைத் தொடர்ந்தேன்.