ரூபன் டிப்பும் எங்கள் வீட்டுப் பேணுதலும்



அமெரிக்கக் கால்பந்தின் இறுதி ஆட்டமான சூப்பர் பௌல், பிப்ரவரி மாதத்து ஞாயிறு ஒன்றில் நடைபெறும். அன்று மாலை அண்டை வீட்டார் ஒருவர் இல்லத்தில் கூடுவதும், ஆளுக்கொரு பண்டம் கொண்டுவருவதும் இந்நாட்டின் வழக்கம். நாங்கள் வசிக்கும் நியூ ஜெர்சித் தெருவிலும் அவ்வழக்கம் உண்டு. அந்த மேசையில் தவறாமல் இடம்பெறுவது, அடுப்பிலிருந்து கொதிக்கக் கொதிக்க வரும் சீஸ் டிப். கண்ணாடிப் பாத்திரத்தின் ஓரங்களில் பொன்னிறமாக முறுகி, நடுவில் குமிழியிடும் அதனை ரொட்டித் துண்டால் வழித்து உண்பார்கள். அவ்வகையில் எங்கள் தெருவாரின் விருப்பத்திற்குரியது ரூபன் டிப்.

ரூபன் என்பது உண்மையில் ஒரு சான்ட்விச்சின் பெயர். கருநிற ரை தானிய ரொட்டிக்கு நடுவே, உப்பு நீரில் ஊறவைத்து வேகவைத்த மாட்டிறைச்சியான கார்ன்டு பீஃப், ஸ்விஸ் சீஸ், புளிக்கவைத்த முட்டைக்கோஸான சவர்க்ராட், ரஷ்யன் டிரெஸ்ஸிங் எனும் செந்நிறச் சாறு ஆகியவற்றை வைத்துச் சுடுவார்கள். இது நியூயார்க்கில் டெலிகடெஸன் நடத்திய ஆர்னால்ட் ரூபன் என்பவரின் கடையில் பிறந்தது என்று ஒரு சாராரும், நெப்ராஸ்கா மாநிலத்து ஒமாஹா நகரில் மளிகை வணிகம் செய்த ரூபன் குலகோஃப்ஸ்கியின் யோசனை என்று மற்றொரு சாராரும் இன்றளவும் வாதிடுகின்றனர். இதே பொருள்களைப் பொடியாக நறுக்கி, க்ரீம் சீஸுடன் கலந்து சுட்டால் அதுவே ரூபன் டிப்.

இந்த மேசையின் முன் ஒரு முஸ்லிம் குடும்பம் நிற்கும்போது எழும் கேள்வியை நீங்கள் அறிவீர்கள். இறைச்சி எவ்வாறு அறுக்கப்பட்டது? சீஸில் சேர்ந்திருப்பது என்ன? ஆண்டுதோறும் நாங்கள் பழங்களையும் உருளைக்கிழங்கு வறுவலையும் எடுத்துக்கொண்டு, மற்றவற்றை இன்முகத்துடன் மறுத்துவந்தோம். எங்களுக்கு அதில் குறையேதும் தோன்றியதில்லை. ஆனால் பதினொரு வயதான எங்கள் மகன், தட்டை நீட்டுவோரிடம் "எனக்குப் பசியில்லை" என்று கூறுவதைச் சென்ற ஆண்டு கவனித்தோம். வீடு திரும்பியதும் இரண்டு தட்டுச் சோறு உண்டான். "ஹலால் என்று சொல்லியிருக்கலாமே" என்று கேட்டபோது, "ஒவ்வொரு தடவையும் விளக்கம் சொல்ல வேண்டியிருக்கிறது, வாப்பா" என்றான்.

அன்றிரவு நாங்கள் நெடுநேரம் பேசிக்கொண்டிருந்தோம். அவன் ஹராமான எதையும் உண்டுவிடவில்லை. ஆயினும் மார்க்கம் அவனுக்கு மறைத்துவைக்க வேண்டிய ஒன்றாகத் தோன்றத் தொடங்கியிருந்தது. எதை மறுக்க வேண்டும் என்பதை நாங்கள் கற்பித்திருந்தோம். அதன் காரணங்களை அவன் தன் கையால் தொட்டு அறிந்ததில்லை. ஆகவே இவ்வாண்டு ரூபன் டிப்பை நம் வீட்டிலேயே, தொடக்கம் முதல் செய்வது என்றும், ஒவ்வொரு பொருளையும் அவனே விசாரித்து வாங்குவது என்றும் முடிவு செய்தோம்.

முதலில் இறைச்சி. ஹலால் இறைச்சிக் கடையில் மாட்டின் நெஞ்சுப் பகுதியை ஒன்றரைக் கிலோ வாங்கினோம். இரண்டு லிட்டர் நீரில் 200 கிராம் உப்பு, 100 கிராம் சர்க்கரை, மிளகு, கடுகு, கொத்தமல்லி விதை, கிராம்பு, பிரிஞ்சி இலை, நசுக்கிய பூண்டு சேர்த்துக் கொதிக்கவைத்து, நன்கு ஆறியபின் இறைச்சியை அதில் மூழ்கவைத்து, குளிர்பெட்டியில் ஐந்து நாள் வைத்தோம். நாள்தோறும் ஒருமுறை திருப்பிவிடுவது மகனின் பொறுப்பு. பிறகு உப்பு நீரைக் கொட்டி, இறைச்சியைக் கழுவி, புது நீரில் மூன்று மணி நேரம் சிறு தீயில் வேகவைத்தோம். கடைகளில் விற்கும் கார்ன்டு பீஃபின் இளஞ்சிவப்பு, சோடியம் நைட்ரைட் கலந்த உப்பினால் வருவது. அதனைச் சேர்க்காவிடில் இறைச்சி சாம்பல் நிறமாகவே இருக்கும். பாஸ்டன் பகுதியில் அவ்வாறு உண்பதும் ஒரு மரபே.

கார்ன் என்றால் இங்கே மக்காச்சோளம் அன்று. தானிய மணியளவில் இருந்த கல்லுப்பையே பழைய ஆங்கிலத்தில் அவ்வாறு அழைத்தனர். இதைக் கேட்டதும் எங்களுக்கு நினைவு வந்தது உப்புக்கண்டம். ஹஜ்ஜுப் பெருநாளின் குர்பானி இறைச்சியில் ஒரு பங்கை உப்பும் மஞ்சளும் தடவி, கயிற்றில் கோத்து, மாடி வெயிலில் காயவைத்த நம் வீட்டுப் பெரியவர்களும், குளிர்நாட்டில் பீப்பாய் உப்பு நீரில் இறைச்சியை ஊறவைத்தவர்களும் ஒரே தேவைக்கு விடை கண்டவர்கள். அஞ்சறைப் பெட்டியிலிருந்த மிளகும் கடுகும் மல்லியும் இந்த அந்நியப் பண்டத்துக்குள் சென்றதை மகன் வியப்புடன் பார்த்தான்.

அடுத்தது சீஸ். பாலை உறையச் செய்யும் ரென்னெட் எனும் பொருள், மரபுப்படி கன்றின் இரைப்பையிலிருந்து பெறப்படுவது. கன்று எவ்வாறு அறுக்கப்பட்டது என்பதே கேள்வி. எங்களில் ஒருவர் கீழக்கரையைச் சேர்ந்த ஷாஃபிஈ மத்ஹபினர். மற்றவர் திண்டுக்கல் பக்கத்து ஹனஃபி மத்ஹபினர். முறைப்படி அறுக்கப்படாத பிராணியின் ரென்னெட் அசுத்தமானது என்பது ஷாஃபிஈ மத்ஹபின் நிலை. அது சுத்தமானதே என்பது இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்களின் கூற்று. ஆக, ஒரே சமையலறையில் இரு சட்டங்கள்!

நல்லவேளையாக, இன்று கன்றின் தேவையின்றியே நுண்ணுயிர்கள் மூலம் இந்நொதியைத் தயாரிக்கிறார்கள். அமெரிக்காவில் அதற்கு 1990ஆம் ஆண்டு அனுமதி வழங்கப்பட்டது. ஆனால் பொட்டலத்தின் மீது "என்சைம்கள்" என்று மட்டும் அச்சிட்டிருந்தால், எந்த வகை என்பது தெரியாது. "மைக்ரோபியல் ரென்னெட்" அல்லது "வெஜிடபிள் ரென்னெட்" என்று தெளிவாகக் குறித்திருந்த ஸ்விஸ் சீஸையும் க்ரீம் சீஸையும் மகன் கடை அடுக்குகளில் அரை மணி நேரம் தேடிக் கண்டெடுத்தான். கருத்து வேறுபாடுள்ள விஷயத்தில் இரு சாராருக்கும் ஒப்பான வழியைத் தேர்வது விரும்பத்தக்கது என ஃபிக்ஹு அறிஞர்கள் கூறுவர். அந்த விதியை எங்கள் மகன் சீஸ் அடுக்கின் முன் நின்று கற்றுக்கொண்டான், அல்ஹம்துலில்லாஹ்.

சவர்க்ராட் எங்களுக்கு ஐயத்தைத் தந்தது அதன் பெயரால் மட்டுமே. புளிக்கவைத்தது என்றதும், "போதை வருமா?" என்று மகன் கேட்டான். ஒரு கிலோ முட்டைக்கோஸைச் சீவி, 20 கிராம் உப்பிட்டுப் பிசைந்து, அதுவே விடும் நீரில் அமிழ்த்தி மூன்று வாரம் வைத்தால் சவர்க்ராட் ஆகிவிடும். முட்டைக்கோஸின் சர்க்கரையை நுண்ணுயிர்கள் லாக்டிக் அமிலமாக மாற்றுகின்றன. நம் தோசை மாவு இரவில் புளிப்பதும் பெரும்பாலும் இவ்வாறே. இதில் போதை ஏதுமில்லை. ஆயினும் கடைகளில் ஒயின் சேர்த்த சவர்க்ராட்டும் கிடைக்கும் என்பதால் வாங்குவோர் பொருள்பட்டியலைப் படிப்பது நலம். நாங்கள் ஜனவரியிலேயே வீட்டில் போட்டுவைத்தோம்.

இனி செய்முறை எளிது. அறை வெப்பத்தில் இளகிய 225 கிராம் க்ரீம் சீஸுடன் அரைக் கோப்பை மயோனைஸ், இரண்டு மேசைக்கரண்டி தக்காளி கெட்ச்சப், பொடியாக நறுக்கிய வெள்ளரி ஊறுகாயும் வெங்காயமும் சேர்த்துக் குழைக்கவும். 225 கிராம் வெந்த இறைச்சியைப் பொடியாக நறுக்கியும், ஒரு கோப்பை சவர்க்ராட்டைக் கையால் இறுக்கிப் பிழிந்தும் சேர்க்கவும். நன்கு பிழியாவிடில் டிப் நீர்த்துவிடும். துருவிய ஸ்விஸ் சீஸ் 225 கிராமில் முக்கால் பங்கை உள்ளே கலந்து, எஞ்சியதை மேலே தூவி, 180 டிகிரி செல்சியஸில் 25 நிமிடம் சுடவும். உப்பு சேர்க்க வேண்டாம். இறைச்சியிலும் முட்டைக்கோஸிலும் உள்ளதே போதும். சீரகத்தைப் போன்ற தோற்றமுள்ள கேரவே விதை தூவிய ரை ரொட்டியை மொறுமொறுப்பாகச் சுட்டுப் பக்கத்தில் வைக்கவும்.

இவ்வாண்டு மேசையில் எங்கள் பாத்திரம் இருந்தது. என்ன என்று கேட்டவர்களுக்கு மகனே பதில் கூறினான். எங்கள் தெருவில் யூத சமயச் சட்டத்தைப் பேணும் மூதாட்டி ஒருவர் உள்ளார். அவன் சொன்னதனைத்தையும் கவனமாகக் கேட்ட அவர் சிரித்துவிட்டு, "இவ்வளவு பேணிச் செய்தும் நான் உண்ண இயலாதே! இறைச்சியையும் சீஸையும் நாங்கள் சேர்த்து உண்பதில்லை" என்றார். யூத டெலிகடெஸன்களோடு சேர்த்தே பேசப்படும் ரூபன், கோஷர் பேணும் யூதருக்கு ஆகாது என்பதை நாங்களும் அன்றுதான் எண்ணிப்பார்த்தோம். அவர் தம் வீட்டிலிருந்து மூடிக் கொண்டுவந்திருந்த தட்டைக் காட்டினார். ஆண்டுதோறும் அவர் அவ்வாறே வருகிறார். எங்கள் மகன் அதைக் கவனித்ததில்லை. "மறுத்துச் சொல்ல உங்களுக்குக் கூச்சமாக இல்லையா?" என்று அவன் கேட்டான். "உன் வயதில் இருந்தது. சொல்லிச் சொல்லி, இப்போது அழைப்பவர்களே முதலில் கேட்டுவிடுகிறார்கள்" என்றார்.

இதன்பின் எங்கள் மகன் முற்றிலும் மாறிவிட்டான் என்று நாங்கள் கூறமாட்டோம். சென்ற வாரம் நண்பன் வீட்டிலும் "பசியில்லை" என்றே சொன்னதாக அவனே ஒப்புக்கொண்டான். நாங்கள் கடிந்துகொள்ளவில்லை. காரணம் அறிந்தவனுக்குச் சொல்லும் துணிவு காலத்தில் வரும், இன்ஷா அல்லாஹ்.

வெளிநாடுகளில் பிள்ளைகளை வளர்க்கும் குடும்பங்களுக்கு ஒன்று கூற விரும்புகிறோம். பேணுதல் என்பது பிறர் தட்டைச் சந்தேகக் கண்ணோடு பார்ப்பது அன்று. ஒரு முஸ்லிமின் வீட்டு விருந்தில் துருவித் துருவி விசாரிக்க வேண்டியதில்லை என்று ஆலிம்கள் கூறுவர். பிற சமயத்தார் அழைக்கும்போது முன்கூட்டியே, தனியாக, மென்மையாகத் தெரிவித்துவிட்டால் அவர்களுக்கும் சங்கடமில்லை. இயன்றபோது நாமே ஒரு பாத்திரத்தை ஏந்திச் செல்வோம். குழம்பு சமைக்கையில் நீரைச் சற்றுக் கூட்டி அண்டை வீட்டாரையும் கவனிக்குமாறு நபி (ஸல்) அவர்கள் அபூதர் (ரலி) அவர்களுக்கு அறிவுறுத்திய செய்தியை நாமனைவரும் அறிவோம். அடுத்த ஆண்டு அம்மூதாட்டிக்கெனப் பழக்கூடை ஒன்றை முழுப்பழங்களாகவே கொண்டுசெல்வது என்று தீர்மானித்திருக்கிறோம். எது அவருக்கு ஆகும் என்று நேரில் கேட்டுவரும் பொறுப்பை மகனிடம் ஒப்படைத்துள்ளோம்.