கைவசம்

நீதிமன்றத் தமிழைப் பற்றி வகுப்பறையில் நெடுங்காலம் கேலி பேசியவன் நான். 'மேற்படி எதிரி மேற்படி இடத்தில் மேற்படி மூட்டையுடன்' என்று நீளும் அந்த உரைநடையைப் படித்துக்காட்டி மாணவர்களைச் சிரிக்க வைத்திருக்கிறேன். அவ்வாறு சிரித்தவர்களுள் ஒருவன் 2016-இல் கைதானான். அவனைப் பற்றிய மகஜரை அதே தமிழில் நான் படிக்க நேர்ந்தது.

யாப்பில் கெட்டிக்காரன். வெண்பாவில் தளை தட்டும் இடத்தை என்னை முந்திக்கொண்டு காண்பான். பட்டம் பெற்றும் வேலை அமையவில்லை. சிறு சரக்கு வண்டி ஒன்றை வாங்கி ஓட்டிக்கொண்டிருந்தான். ஒருநாள் விடியற்காலையில் காய்கறிச் சாக்குகளுக்கு அடியில் கஞ்சா மூட்டை ஒன்று இருந்ததாகக் காவலர்கள் கைப்பற்றினர். எடை 21 கிலோ 400 கிராம். வாடகைக்கு ஏற்றிய சரக்கு, மூட்டையைப் பிரித்துப் பார்ப்பது தன் வழக்கமில்லை என்றான் அவன். ஏற்றிவிட்டவனின் பெயரையும் சொன்னான். அந்த ஆள் அகப்படவேயில்லை.

விசாரணை நீதிமன்றத் தீர்ப்பில் மீண்டும் மீண்டும் வரும் சொல் 'கைவசம்'. ஆறாம் வேற்றுமையின் கிழமைப் பொருளைக் கற்பிக்கையில் 'என் கை' என்பது தற்கிழமை, 'என் வண்டி' என்பது பிறிதின்கிழமை என்று பிரித்துக் காட்டுவோம். வண்டி அவனுடையது, சரி. வண்டியிலிருந்த மூட்டை அவனுடையதா? இலக்கணம் இவ்விடத்தில் கைகொடுக்கவில்லை. சட்டம் இரண்டு கேட்கிறது. பொருள் அவனுடைய ஆளுகையில் இருந்திருக்க வேண்டும்; அது இன்னதென்று அவன் அறிந்தும் இருந்திருக்க வேண்டும். அறியாதவனின் கையில் இருப்பது அவன் வசத்தில் இருப்பதாகாது.

இதுவரை நியாயமாகவே படுகிறது. ஆனால் அந்த அறிவை அரசுத் தரப்பு மெய்ப்பிக்க வேண்டியதில்லை. 1985-ஆம் ஆண்டின் போதைப்பொருள் சட்டத்தில் 35-ஆம் பிரிவு, குற்ற மனம் இருந்ததாகவே நீதிமன்றத்தை அனுமானிக்கச் சொல்கிறது. இல்லையென்று காட்டும் சுமை எதிரியின் தலையில். அதையும் ஐயத்திற்கு இடமின்றிக் காட்ட வேண்டும். கொலை வழக்கில்கூட ஐயத்தின் பயன் பொதுவாக எதிரிக்குத்தானே என்று வழக்கறிஞர் நண்பரிடம் கேட்டேன். அவர் 2008-இல் வந்த நூர் ஆகா வழக்கின் தீர்ப்பைப் படிக்கக் கொடுத்தார். உச்ச நீதிமன்றம் அதில் ஒரு வரம்பு கட்டியிருந்தது: அடிப்படை உண்மைகளை அரசுத் தரப்பு முதலில் நிறுவட்டும், அனுமானம் அதற்குப் பிறகு. கைப்பற்றிய ஹெராயினை நீதிமன்றத்தின் முன் கொண்டுவந்து காட்டாததும் அவ்வழக்கில் விடுதலைக்கு ஒரு காரணமாயிற்று.

இதைப் படித்தபோது தமிழாசிரியனுக்குச் சிலம்பு நினைவுக்கு வராமல் இருக்குமா? கோவலன் கையில் சிலம்பு இருந்தது மெய். கைவசம் பற்றி அங்கு வழக்கே இல்லை. அந்தச் சிலம்புதான் இந்தச் சிலம்பா என்பதே கேள்வி. அதைக் கேட்பதற்குள் தண்டனை நிறைவேறிவிட்டது. முத்தா மாணிக்கமா என்று உடைத்துப் பார்த்தது மேல்முறையீட்டில்தான்.

என் மாணவனின் வழக்கில் இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். குற்றவியல் வழக்கில் எதிரியின் முன்னைய நன்னடத்தை சாட்சியமாக ஏற்கத்தக்கது. விசாரணையின்போது நண்பர் என்னைச் சாட்சிக்கு அழைத்தார். தேர்வுப் பணி இருக்கிறது என்றேன். இருந்தது உண்மைதான், இரண்டு நாள்கள். கஞ்சா வழக்கில் கூண்டேறினால் கல்லூரியில் என்ன பேசுவார்களோ என்பதே உண்மையான காரணம்.

2018-இல் பத்தாண்டுக் கடுங்காவலும் ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் விதிக்கப்பட்டன. கஞ்சா 20 கிலோவுக்கு மேற்பட்டால் அது வணிக அளவு. பத்தாண்டுக்குக் குறைத்துத் தண்டிக்க நீதிபதிக்கு அதிகாரமில்லை. அதற்குட்பட்டு ஒரு கிலோவுக்கு மேற்பட்டதாயின் பத்தாண்டு வரை விதிக்கலாம், கீழ்வரம்பு கிடையாது. ஒரு மனிதனின் இளமை அந்த 1 கிலோ 400 கிராமில் இருந்தது. மளிகைக் கடையில் கொசுறாக விட்டுக்கொடுக்கும் எடை!

தமிழில் பதிவான சாட்சியங்களை மேல்முறையீட்டுக்காக ஆங்கிலத்தில் பெயர்க்கும் வேலையை இம்முறை நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். குறுக்கு விசாரணையில் உதவி ஆய்வாளர் சொல்லியிருந்தார்: 'சாக்கோடு சேர்த்து நிறுத்தோம்.' மூன்றாம் வேற்றுமை, ஓடு உருபு, உடனிகழ்ச்சிப் பொருள். விசாரணை நீதிமன்றம் அந்த வரியைக் கடந்து சென்றிருந்தது. நண்பரைத் தொலைபேசியில் அழைத்துப் படித்துக்காட்டினேன். அவர் இன்னொன்றைச் சேர்த்தார்: சட்டம் கஞ்சா என்று குறிப்பது செடியின் பூத்த அல்லது காய்த்த நுனிகளை, நுனியோடு சேராத இலையும் விதையும் அதில் அடங்கா. மகஜரிலோ தண்டு, இலை எல்லாம் ஒரே எடையில் இருந்தன.

2022-இல் தீர்ப்பு வந்தது. வண்டியை ஓட்டியவன் அவன், உடன் யாருமில்லை, அறிந்தே வைத்திருந்தான் என்ற முடிவில் தலையிடக் காரணமில்லை. ஆனால் வணிக அளவு மெய்ப்பிக்கப்படவில்லை. ஆகவே சிறையில் கழித்த ஆறாண்டுகளே தண்டனை. நண்பர் இதை வெற்றி என்றார். சட்டத்தின் கணக்கில் வெற்றிதான், மறுக்கவில்லை.

அவன் வெளியே வந்த வாரத்தில் தீர்ப்பின் நகலோடு அவர்கள் வீட்டுக்குப் போனேன். அவன் தாய்க்கு ஒவ்வொரு பத்தியாகத் தமிழில் சொன்னேன். எடை, சாக்கு, இலை எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். பிறகு, "அப்ப அவன் தெரிஞ்சுதான் கொண்டுபோனான்னு கோர்ட்டே சொல்லிருச்சா சார்?" என்றார்.

அவன் வாசற்படியில் முதுகைக் காட்டி அமர்ந்திருந்தான். நான் பக்கங்களைப் புரட்டி, அந்தப் பத்தியை மறுபடியும் முதலிலிருந்து படிக்கத் தொடங்கினேன்.