மால்வெர்னில் வீடு, பவானிசாகரில் முகாம்

டொரண்டோ மாநகரின் வடகிழக்கு மூலையில், ஸ்காபரோவுக்குள் இருக்கிறது மால்வெர்ன். கனடா அரசு 1950களில் விவசாய நிலங்களைக் கையகப்படுத்தி, 1970களில் வீடுகள் எழுப்பிய பகுதி. மடத்துக்குளத்தில் வளர்ந்த எனக்குக் கடைவீதியும் பஸ் ஸ்டாப்பும் பேச்சுத் துணையோடு நடந்து போகும் தூரம். இங்கே தெருக்களைப் பிறை வடிவில் வளைத்துப் போட்டிருக்கிறார்கள். புறப்பட்ட சாலைக்கே திரும்பி வந்து சேரும் தெரு, அதற்குள் ஒரு முட்டுச் சந்து, இரண்டு பக்கமும் கராஜ் வைத்த ஒரே மாதிரி வீடுகள். கார் வைத்திருப்பவரை மனதில் வைத்துப் போட்ட திட்டம் இது. கார் இல்லாதவருக்குப் பால் வாங்குவதே ஒரு வேலை. ஸ்காபரோவுக்கென்று 1985 முதல் ஓடிய ரயிலும், 2023 ஜூலையில் ஒரு பெட்டி தடம் புரண்டதோடு நின்றுவிட்டது. பனிக்காலத்தில் பஸ்ஸுக்காக நிற்பவர்களில் பெரும்பாலோர் புதிதாக வந்தவர்கள்தான்.

புதிதாக வந்தவர் குடியேறும் இடம் பேஸ்மெண்ட். வீட்டுக்காரர் மேலே இருப்பார், வாடகைக்காரர் கீழே. தரை மட்டத்தில் ஒரு சிறிய ஜன்னல். பனி கொட்டினால் அதுவும் மூடிக்கொள்ளும். நான் அப்படி ஒரு பேஸ்மெண்டில்தான் கனடா வாழ்க்கையைத் தொடங்கினேன். மேலே யாழ்ப்பாணக் குடும்பம். ஃபேக்டரியில் இரவு ஷிப்ட் முடித்து வரும் வீட்டுக்கார அக்கா, தூங்கப் போவதற்கு முன் படிக்கட்டில் நின்று, "தம்பி, சாப்பிட்டிட்டீங்களோ?" என்று கேட்பார். சவளைப் பிடித்துப் பனியை எப்படி அள்ள வேண்டும், எந்தக் குப்பை எந்தத் தொட்டிக்குப் போக வேண்டும், குடும்ப டாக்டரை எப்படித் தேட வேண்டும் என்று எனக்குச் சொல்லிக்கொடுத்தது அந்த வீடுதான். வேலைக்கு எடுத்த கம்பெனி இதில் ஒன்றைக்கூடச் சொல்லவில்லை.

அவர்கள் சொந்தமாக வீடு வாங்குவதற்கு முன், இதே போன்ற ஒரு பேஸ்மெண்டில் இரண்டு குடும்பமாக இருந்திருக்கிறார்கள். ஒருவர் பகலில் வேலைக்கு, ஒருவர் இரவில். சம்பளத்தில் பாதி ஊருக்கு. மீதியில் சீட்டுப் போட்டு முன்பணம் சேர்த்தார்கள். ஸ்காபரோவின் தமிழ் வீடுகள் பலவற்றுக்கும் இதுதான் கதை.

இன்று மார்க்கம் ரோட்டில் இறங்கினால் முருங்கைக்காயும் கறிவேப்பிலையும் கிடைக்கின்றன. கடைக் கண்ணாடிக்குப் பின்னால் இடியப்பமும் மட்டன் ரோலும் அடுக்கியிருக்கும். பர்ச்மவுண்ட் ரோட்டில் கந்தசுவாமி கோயில். 2015 முதல் மார்க்கம் ரோட்டிலேயே ஆகஸ்டில் தமிழர் தெருவிழா நடக்கிறது. பக்கத்து நகரமான மார்க்கத்தில் ஒரு தெருவுக்கு வன்னி என்றே பெயர். ஸ்காபரோ - ரூஜ் ரிவர் தொகுதி 2011இல் ராதிகா சிற்சபைஈசனை நாடாளுமன்றத்துக்கு அனுப்பியது. யாழ்ப்பாணத்தில் பிறந்து, சிறு வயதில் கனடா வந்தவர் அவர். தமிழ்நாட்டிலிருந்து சாஃப்ட்வேர் வேலைக்கு வரும் எங்களைப் போன்றவர்கள் இதையெல்லாம் ஏற்கெனவே விரித்து வைத்த பாயில் உட்காருவது போல அனுபவிக்கிறோம். விரித்தவர்கள் இலங்கைப் போரில் வீட்டை இழந்து வந்தவர்கள்.

அவர்களுக்குக் கதவு சும்மா திறந்துவிடவில்லை. 1983 கலவரத்துக்குப் பிறகு பலர் வந்து சேர்ந்தார்கள். 1985இல் ஹர்பஜன் சிங் முதலானோர் தொடுத்த வழக்கில், அடைக்கலம் கேட்பவரை நேரில் விசாரிக்காமல் அனுப்பக் கூடாது என்று கனடா உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அடுத்த ஆண்டு ஆகஸ்டில், நியூஃபவுண்ட்லாந்து கடலில் இரண்டு உயிர்காப்புப் படகுகளில் விடப்பட்ட 155 தமிழர்களை கஸ் டால்ட்டன் என்ற மீன்பிடிப் படகுத் தலைவர் கண்டு, உதவிக்கு ஆள் அழைத்துக் கரை சேர்த்தார். அவர்கள் ஜெர்மனியிலிருந்து வந்த உண்மை வெளியானதும் எதிர்ப்பு கிளம்பியது. ஆனாலும் ஓராண்டு தங்கவும் வேலை பார்க்கவும் அரசு அனுமதி தந்தது. 2010இல் சன் சீ கப்பலில் 492 பேர் வந்தபோது நிலைமை கடுமையாகிவிட்டது. பலரை மாதக்கணக்கில் காவலில் வைத்தார்கள். கனடாவைத் தூக்கிப் பிடிக்க நான் இதை எழுதவில்லை. ஆனால் விசாரணை என்று ஒன்று இருந்தது. அதற்குப் பிறகு நிரந்தர வசிப்புரிமை, அதற்குப் பிறகு குடியுரிமை என்று ஒரு வழி இருந்தது.

வீட்டுக்கார அக்காவின் சித்தி குடும்பம் 1990இல் படகேறி மண்டபத்தில் இறங்கியது. அங்கிருந்து பவானிசாகர் அகதிகள் முகாமுக்கு அனுப்பப்பட்டது. அக்கா சொல்லித்தான் எனக்குத் தெரியும். எங்கள் ஊரிலிருந்து பஸ்ஸில் போய்வரக்கூடிய தூரத்தில் இருக்கும் அந்த முகாமுக்கு நான் ஒரு நாளும் போனதில்லை. ஒரே தீவு, ஒரே போர், ஒரே குடும்பம். மேற்கே பறந்தவருக்கு மால்வெர்னில் சொந்த வீடும் ஓட்டும். ராமேஸ்வரம் பக்கம் வந்தவருக்கு முகாம் அறை. தமிழ்நாட்டில் நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் ஐம்பதாயிரத்துக்கும் மேலானோர் இப்படி இருக்கிறார்கள். அங்கே பிறந்து வளர்ந்த பிள்ளைகள் டிகிரி முடித்துவிட்டுச் சுவருக்குப் பெயிண்ட் அடிக்கப் போகிறார்கள். அரசு வேலை கிடையாது. திருப்பூர் பனியன் கம்பெனிகள் ஒடிசாவிலும் பீகாரிலும் ஆள் தேடும் காலத்திலும் இவர்கள் வெளியூர் போய்த் தங்க அனுமதி கேட்டு நிற்க வேண்டும்.

மாநில அரசு எதுவும் செய்யவில்லை என்று சொல்ல மாட்டேன். 2021இல் 7,469 வீடுகள் புதிதாகக் கட்டித்தருவதாக அறிவித்தது. முகாம்களுக்கு மறுவாழ்வு முகாம் என்று பெயரும் மாற்றியது. குடியுரிமை மத்திய அரசின் கையில் இருக்கிறது. 2019 திருத்தச் சட்டம் மூன்று நாடுகளிலிருந்து வந்தவர்களுக்கு வழி திறந்தது. இலங்கை அதில் இல்லை. 1986இல் மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண், பிறப்பாலேயே இந்தியக் குடிமகள் என்று சட்டம் சொல்லியும் பாஸ்போர்ட்டுக்காக உயர் நீதிமன்றம் போக வேண்டியிருந்தது. 2024 தேர்தலில் அவர் ஓட்டுப் போட்டது நாடு முழுக்கச் செய்தியானது. அந்த முகாம்களில் ஒருவர் ஓட்டுப் போடுவதே செய்தி என்றால் மற்றவர்களின் நிலையைச் சொல்ல வேண்டியதில்லை.

மடத்துக்குளம், உடுமலை வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள். நம் பகுதி பொள்ளாச்சி நாடாளுமன்றத் தொகுதியில் இருக்கிறது. பவானிசாகர் நீலகிரித் தொகுதியில். அடுத்த முறை ஓட்டுக் கேட்டு வருபவர் எந்தக் கட்சியாக இருந்தாலும், அமராவதித் தண்ணீரையும் ரோட்டையும் கேட்கும்போது இதையும் கேளுங்கள்: நாற்பது ஆண்டாக நம்மோடு இருக்கும் இந்த மக்களுக்குக் குடியுரிமை தர டெல்லியில் பேசுவீர்களா?